கட்டற்ற மென்பொருளும் சண்டையற்ற தமிழும்

கட்டற்ற மென்பொருள் பற்றித் தமிழில் எழுதுகிறவர்களிடம், ஓர் இயங்குதளம் எப்படி உருவாகிறது என்ற செய்தி உங்கள் எழுத்தில் ஏன் வருவதே இல்லை என்று கேட்டால் பதில் தயாராக இருக்கிறது. நிரல் திறந்து கிடக்கிறது, அதை எழுதுகிறவர்கள் பேசிக்கொள்வதும் திறந்து கிடக்கிறது, வேண்டியவர் போய்ப் படித்துக்கொள்ளலாம். தமிழ் வாசகருக்கு இப்போது வேண்டியது நிறுவுவது எப்படி, பயன்படுத்துவது எப்படி என்ற வழிகாட்டிதான் என்பார்கள். இந்தப் பதிலை ஏற்றுக்கொண்டால் கெர்னல்டிராப் என்ற ஆங்கிலச் செய்தித் தளம் நின்றுபோனதில் யாருக்கும் எந்த நட்டமும் இல்லை. ஜெரமி ஆண்ட்ரூஸ் 2000-களின் தொடக்கத்தில் நடத்தத் தொடங்கிய தளம் அது. லினக்ஸ், ஃப்ரீபிஎஸ்டி, ஓபன்பிஎஸ்டி ஆகியவற்றின் மையப் பகுதியான கெர்னலை எழுதுகிறவர்கள் எதில் மோதிக்கொண்டார்கள், எது ஏற்கப்பட்டது, எது தள்ளப்பட்டது என்பதைத் தொடர்ந்து சொல்லிவந்தது. அதற்கும் முன்னால் 1999-ல் ஸாக் பிரவுன் ‘கெர்னல் டிராஃபிக்’ என்ற வாராந்தரத் தொகுப்பைத் தொடங்கி 2005 வரை நடத்தினார். இரண்டும் இன்று இல்லை. ஆங்கிலத்தில் அவை இருந்து மறைந்தன. தமிழில் அப்படி ஒன்று தோன்றவே இல்லை. தோன்றாததை ஒரு குறையாகக்கூட நாம் எண்ணவில்லை என்பதே என் புகார்.

தமிழில் நடந்த பணி சிறிதல்ல. அதை முதலிலேயே சொல்லிவிடலாம். 2000-ஐ ஒட்டிய ஆண்டுகளில், மற்ற இந்திய மொழிகளை முந்திக்கொண்டு, கே.டி.இ. திரைமுகப்பைத் தமிழாக்கியவர்கள் சம்பளம் வாங்காதவர்கள். 2012 ஜனவரியில் த. சீனிவாசனை ஆசிரியராகக் கொண்டு வெளிவரத் தொடங்கிய ‘கணியம்’ இதழும், து. நித்யாவின் ‘எளிய தமிழில்’ வரிசை நூல்களும் யாரும் எடுத்துப் பகிரலாம் என்ற உரிமத்தோடு வந்தன. விழுப்புரத்திலும் புதுச்சேரியிலும் உள்ள பயனர் குழுக்கள் கிராமத்து மாணவர்களுக்கு வகுப்பெடுக்கின்றன. இவையெல்லாம் இல்லாவிட்டால் ஆங்கிலத்தில் தடுமாறும் ஒரு பாலிடெக்னிக் மாணவர் டெர்மினலைத் திறக்கவே பயந்திருப்பார். வழிகாட்டி எழுதுவது தாழ்ந்த வேலை என்று சொல்ல வரவில்லை. வழிகாட்டியைத் தவிர வேறெதுவும் எழுத்தே இல்லை என்று ஆகிவிட்டதால் என்ன நேர்ந்தது என்பதைத்தான் பார்க்கவேண்டும்.

கெர்னல்டிராப் செய்த வேலை எத்தகையது என்பதற்கு 2007-ல் நடந்த ஒரு வழக்கு போதும். கணினியில் பல நிரல்கள் ஒரே சமயத்தில் ஓடுவதுபோலத் தோன்றினாலும், ப்ராசஸர் ஒவ்வொன்றுக்கும் கண்ணிமைக்கும் நேரத்துக்கும் குறைவாகக் கொடுத்து மாற்றிக்கொண்டே இருக்கிறது. யாருக்கு எப்போது எவ்வளவு நேரம் என்று தீர்மானிக்கும் பகுதிக்கு ஷெட்யூலர் என்று பெயர். லினக்ஸின் ஷெட்யூலர் பெரிய சர்வர்களை மனத்தில் வைத்து எழுதப்படுகிறது, வீட்டுக் கணினியில் பாட்டுக் கேட்டுக்கொண்டே இன்னொரு வேலை செய்தால் திக்குகிறது என்று பல ஆண்டுகள் வாதாடியவர் கான் கோலிவாஸ். ஆஸ்திரேலியாவில் மயக்கமருந்து மருத்துவர். நிரல் எழுதுவது அவருக்குத் தொழிலல்ல. 2007 மார்ச்சில் அவர் முன்வைத்த புதிய ஷெட்யூலர் ஏற்கப்படும் என்றே பலரும் நினைத்தார்கள். ஏப்ரல் 13 அன்று, ரெட் ஹாட் நிறுவனத்தில் வேலைபார்த்த இங்கோ மோல்னார் வேறொன்றை வெளியிட்டார். எல்லோருக்கும் நியாயமாகப் பங்கிடுவது என்ற அதே எண்ணம். 62 மணி நேரத்தில் எழுதியது என்ற குறிப்பு. கோலிவாஸின் முயற்சிக்கு மரியாதையாக ஒரு நன்றி. லினக்ஸைத் தொடங்கிய லினஸ் டோர்வால்ட்ஸ் எடுத்துக்கொண்டது மோல்னாருடையதை. அக்டோபரில் வந்த 2.6.23 பதிப்பில் அது சேர்ந்தது. அதற்கு முன்பே, ஜூலையில், கோலிவாஸ் கெர்னல் வேலையை விட்டே விலகிவிட்டார். டோர்வால்ட்ஸ் சொன்ன காரணம்தான் இதில் முக்கியம். நிரலின் தரத்தை மட்டும் அவர் பேசவில்லை. குறை சொல்லி வருகிறவர்களை ஒருவர் எப்படி எதிர்கொள்கிறார், வாதாடி அனுப்புகிறாரா, பொறுப்பேற்றுத் திருத்துகிறாரா என்பதைப் பார்த்ததாகச் சொன்னார். அது நியாயமா என்பதில் இன்றுவரை இரண்டு கட்சி உண்டு.

கெர்னல்டிராப் இதைச் சொன்ன விதம் எளியது. முன்கதையை நாலு வரியில் சொல்லும், பிறகு இரு தரப்பாரின் சொற்களையும் நடந்த வரிசையிலேயே வைக்கும், தீர்ப்புச் சொல்லாது. படிக்கிறவருக்கு ஒரு விஷயம் விளங்கிவிடும்: இயங்குதளம் என்பது யாரோ உட்கார்ந்து எடுத்த முடிவுகளின் குவியல், முடிவை எடுத்தவர்களுக்கு முகமும் முதலாளியும் முன்கோபமும் உண்டு. அன்று ஏற்கப்பட்ட அந்த ஷெட்யூலர் 2023 அக்டோபரில் 6.6 பதிப்பு வரும்வரை, பதினாறு ஆண்டுகள், நீடித்தது; ஆண்ட்ராய்டு போன்களுக்குள்ளும் ப்ராசஸர் நேரத்தை அதுவே பங்கிட்டுக்கொண்டிருந்தது. கடலூர் முதுநகர் துறைமுகத்தில் மீன் ஏலம் கேட்பவர் கையிலிருந்த போனில் எந்த வேலை முந்தும், எது பிந்தும் என்று தீர்மானித்த விதி 2007-ல் இரண்டு பேருக்கிடையே நடந்த ஒரு வழக்கின் முடிவு. இது தமிழில் செய்தியாகத் தகாது என்று யார் முடிவுசெய்தது?

இதே நிகழ்வு நம் வழிகாட்டி எழுத்தில் எப்படி வரும் என்று பாருங்கள். லினக்ஸ் பல பணிகளை ஒரே நேரத்தில் திறம்படக் கையாளும் என்று ஒரு வரி. உலகெங்கும் உள்ள தன்னார்வலர்கள் கைகோத்து உருவாக்கியது என்று அடுத்த வரி. இந்தத் தன்னார்வலர் கதையின் ஆயுள் வியக்கவைக்கிறது. 2007 பிப்ரவரியிலேயே எல்.டபிள்யூ.என். என்ற செய்தி ஏட்டில் ஜோனதன் கார்பெட், 2.6.20 பதிப்புக்கு நிரல் எழுதியவர்கள் யார், அவர்களுக்குச் சம்பளம் கொடுப்பவர்கள் யார் என்று கணக்கெடுத்துப் போட்டார். பெரும்பகுதி நிறுவனங்களில் வேலைபார்ப்பவர்கள் எழுதியது என்று தெரிந்தது. அதற்குப் பின் ஒவ்வொரு பதிப்புக்கும் அந்தக் கணக்கு வந்துகொண்டே இருக்கிறது. இன்டெல், ரெட் ஹாட், கூகுள் என்று பெயர்கள் வரிசையாக நிற்கின்றன. இதனால் லினக்ஸின் பெருமை குறைந்துவிடவில்லை. ஆனால் அது எந்த வகைப் பொருள் என்பதே வேறாகிவிடுகிறது. போட்டியிடும் நிறுவனங்கள் பொதுவில் ஒன்றை ஏன் வளர்க்கின்றன, அதில் எவருடைய தேவை முதலில் கவனிக்கப்படுகிறது, சம்பளமில்லாத கோலிவாஸ்களுக்கு அங்கே எவ்வளவு இடம் என்ற கேள்விகள் எழுகின்றன. தன்னார்வலர் கதையைச் சொல்லிக்கொண்டே இருப்பவருக்கு இந்தக் கேள்விகள் வருவதில்லை. அவர் கையில் மென்பொருள் வரமாகிவிடுகிறது. வரம் எப்படி வந்தது என்று பக்தர் கேட்பதில்லை.

தமிழ்நாட்டில் இந்தப் பழக்கம் தந்த இழப்பைத் துல்லியமாகக் காட்டுவது விலையில்லா மடிக்கணினித் திட்டம். 2011 செப்டம்பர் 15 அன்று அத்திட்டம் தொடங்கியபோது அரசுப் பள்ளி, கல்லூரி மாணவர் கைகளுக்குப் போன கணினிகளில் விண்டோஸோடு பாஸ் என்ற லினக்ஸும் இருந்தது. பொத்தானை அழுத்தினால் கறுப்புத் திரையில் இயங்குதளங்களின் பட்டியல், சில விநாடி அவகாசம், மேலும் கீழும் நகர்த்த அம்புக்குறி. சிதம்பரத்திலும் பண்ருட்டியிலும் விருத்தாசலத்திலும் பல வீடுகளுக்குள் முதன்முதலாக நுழைந்த கணினி அப்படித்தான் கண்விழித்தது. அந்தப் பட்டியலில் இருந்த பாஸ், டெபியன் என்ற இன்னொரு லினக்ஸை அடிப்படையாக வைத்துச் சென்னையிலேயே, சி-டாக் மையத்தில், உருவாக்கப்பட்டது. நூற்றைம்பது, இருநூறு கிலோமீட்டர் தொலைவில் செய்யப்பட்ட ஓர் இயங்குதளம் கடலூர் மாவட்டம் முழுக்கப் பரவியது. இப்படியொரு வாய்ப்பு வேறெந்த மொழிச் செய்தியாளருக்கு வாய்த்தது? வந்தவை எல்லாம் ஒப்பந்தப்புள்ளிச் செய்தி, பயனாளர் எண்ணிக்கைச் செய்தி, அரசியல் செய்தி. கட்டற்ற மென்பொருள் எழுத்தாளர்கள் தம் பங்குக்கு, பாஸில் தமிழ்த் தட்டச்சு செய்வது எப்படி என்று எழுதினார்கள். பாஸ் பலரால் தொடப்படவே இல்லை என்பது ஊரறிந்த சங்கதி. அதற்கு மக்களின் விண்டோஸ் மோகம்தான் காரணம் என்று சொல்லி முடித்துக்கொண்டார்கள். அது மட்டும்தான் காரணமா என்று கேட்க, உள்ளே என்ன இருக்கிறது என்று தெரிந்த செய்தியாளர் ஒருவர் வேண்டியிருந்தது.

என்ன கேட்டிருக்கலாம் என்பதற்கு ஓர் எடுத்துக்காட்டு. 2011 டிசம்பர் 30 அன்று தானே புயல் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையே கரையைக் கடந்தது. மாவட்டத்தின் பல பகுதிகளில் மின்சாரம் திரும்ப நாள்கணக்கில் ஆனது. அதைத் தொடர்ந்த 2012-ம் ஆண்டு சென்னைக்கு வெளியே பத்து மணி நேரத்துக்கும் மேல் மின்வெட்டு இருந்த ஆண்டு. மடிக்கணினியின் பேட்டரி எவ்வளவு நேரம் நிற்கும் என்பதே மாணவருக்குப் பெரிய கேள்வி. அதே காலத்தில் லினக்ஸ் உலகத்தின் சூடான செய்தி எது தெரியுமா? 2.6.38 பதிப்பிலிருந்து பல மடிக்கணினிகள் முன்னைவிட அதிக மின்சாரம் தின்கின்றன என்று ஃபோரோனிக்ஸ் செய்தித் தளத்தின் மைக்கேல் லாராபெல் 2011-ல் அளந்து காட்டினார். வன்பொருளின் மின்சேமிப்பு வசதி ஒன்றை பயாஸ் தரும் தகவலை நம்பிக் கெர்னல் அணைத்துவிடுவதே காரணம் என்று தெரிந்தது. மேத்யூ கேரட்டின் திருத்தம் 2012 மார்ச்சில் வந்த 3.3 பதிப்பில் சேர்ந்தது. டெபியன் வழியில் வந்த பாஸ் பழகிய, பழைய கெர்னலையே எடுத்துக்கொள்ளும் என்பதால் அந்தக் குறையிலிருந்து தப்பியிருக்கவும் கூடும். தப்பியதா, தப்பவில்லையா என்று கேட்டு எழுதுவதுதான் செய்தி. கடலூர் மாவட்டத்து மாணவர் வீட்டு இருட்டுக்கும் உலகத்தின் கெர்னல் விவாதத்துக்கும் இடையே இவ்வளவு நேரான கோடு ஒன்று ஓடியது. அதை இழுத்துக்காட்டத் தமிழில் ஆளில்லை.

இன்னொரு கோடு இதைவிட நேரானது. 2014 ஏப்ரல் 8-ல் விண்டோஸ் எக்ஸ்பி-க்கான ஆதரவு முடிந்தபோது, அரசு அலுவலகங்கள் பாஸுக்கு மாறலாம் என்று தமிழ்நாடு அரசு அறிவுறுத்தியது. கட்டற்ற மென்பொருளுக்குக் கிடைத்த வெற்றியாக அது கொண்டாடப்பட்டது. இரண்டு மாதம் முன்னால், பிப்ரவரியில், பாஸின் தாய்வீடான டெபியனில் ஒரு வாக்கெடுப்பு நடந்திருந்தது. கணினி விழித்தெழும்போது எதை எந்த வரிசையில் எழுப்புவது என்று பார்த்துக்கொள்ளும் அடிப்படை நிரலாகப் பழையதை விட்டுவிட்டு சிஸ்டம்டி-யை ஏற்பதா, உபுண்டு முன்னிறுத்திய அப்ஸ்டார்ட்டை ஏற்பதா என்பது விவகாரம். தொழில்நுட்பக் குழுவில் எட்டுப் பேர். வாக்கு நாலுக்கு நாலு என்று பிரிந்தது. தலைவர் பிடேல் கார்பியின் தீர்மான வாக்கால் சிஸ்டம்டி வென்றது. மாதக்கணக்கில் நடந்த வாதம், ராஜினாமாக்கள், பின்னர் டெபியனிலிருந்து பிரிந்துபோய் தேவுவான் என்று தனிக்குடித்தனம் போட்ட ஒரு கூட்டம். டெபியனை நம்பி நிற்கும் எந்தத் தளமும் அந்த ஒற்றை வாக்கைப் பின்பற்றியாகவேண்டும், அல்லது செலவு செய்து வேறு வழி தேடவேண்டும். ஆக, கடலூர் மஞ்சக்குப்பத்து ஆட்சியர் அலுவலகத்தில் ஒரு கணினி பாஸுக்கு மாறியிருந்தால், அது நாளைக்கு எப்படி எழும் என்பதில் அந்த வாக்குக்குப் பங்குண்டு. அரசாணையைக் கொண்டாடிய எழுத்தில் இந்த வாக்கெடுப்புக்கு இடமில்லை.

நம்மவர்கள் அங்கே இல்லை, அதனால் செய்தியில் ஆர்வமில்லை என்றும் சொல்லமுடியாது. மேலே சொன்ன ஷெட்யூலர் சண்டையின் அடுத்த அத்தியாயமே பெங்களூரில் நடந்தது. ஐ.பி.எம். நிறுவனத்தின் லினக்ஸ் மையத்திலிருந்த ஸ்ரீவத்ஸ வட்டகிரி, ப்ராசஸர் நேரத்தைத் தனித்தனி நிரலுக்குப் பதில் குழுக்களுக்குப் பங்கிடும் வசதியை எழுத, அது 2008 ஜனவரியில் 2.6.24-ல் சேர்ந்தது. பல்பீர் சிங் நினைவகத்தைப் பங்கிட எழுதியது ஏப்ரலில் 2.6.25-ல் சேர்ந்தது. ஒரே கணினியைப் பல அறைகளாகத் தடுத்து வாடகைக்கு விடும் இன்றைய கன்டெய்னர் தொழில்நுட்பம் இப்படிப்பட்ட பணிகளின் மேல் நிற்கிறது. அவ்வகை மென்பொருளான டாக்கரைக் கற்றுக்கொள்வது எப்படி என்று தமிழில் பாடங்கள் ஏராளம். அதன் அடித்தளத்தில் ஒரு கல் பக்கத்து மாநிலத்தில் செதுக்கியது என்று அந்தப் பாடங்கள் சொல்லிக்கொடுப்பதில்லை. அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் கணினிப் பொறியியல் படிக்கும் மாணவிக்கு இந்தப் பெயர்கள் கையில் கிடைத்திருந்தால், கெர்னல் எழுதுவது வேறு யாரோ வேறெங்கோ செய்யும் காரியம் என்ற நினைப்பாவது உடைந்திருக்கும்.

இதற்கெல்லாம் மறுமொழியாகச் சொல்லப்படுவதில் முதலாவது, சாப்பிடுகிறவனுக்குச் சமையற்கட்டு எதற்கு என்பது. மைக்ரோசாஃப்ட் பரிமாறும் பந்தியில் உட்கார்ந்தவர் அப்படிச் சொன்னால் நியாயம். சமையற்கட்டுக்குள் நுழையவும் உப்புப் பார்க்கவும் உங்களுக்கு உரிமை உண்டு என்று ஊரெல்லாம் முழங்குவது கட்டற்ற மென்பொருள் இயக்கம். அந்த உரிமையை மேடையில் சொல்லிவிட்டு, உள்ளே நடப்பதைச் சொல்லாமல் இலைபோட்டு உட்காரவைப்பது முரண். அந்த முரணை நம் எழுத்தாளர்கள் கவனித்ததாகத் தெரியவில்லை.

இரண்டாவது மறுமொழி, வல்லுநர்களின் நுணுக்கச் சண்டையைத் தமிழ் வாசகர் படிக்கமாட்டார் என்பது. இதைச் சொல்பவர்கள் கடலூர் வரலாற்றைப் புரட்டிப் பார்க்கலாம். 1867-ல் வள்ளலார் பாடிய திருவருட்பா அச்சில் வந்தது. அருட்பா என்ற பெயர் இவர் பாடலுக்குத் தகுமா என்று ஆறுமுக நாவலர் எதிர்த்தார். சிதம்பரம் கோயிலில் நடந்த பேச்சு குறித்து நாவலர் தொடுத்த வழக்கு 1869-ல் மஞ்சக்குப்பம் நீதிமன்றத்துக்கு வந்தது. ஆகமம், யாப்பு, இலக்கணம் என்று நுணுக்கமான விவகாரம்தான். ஆனாலும் கண்டனமும் கண்டனத்துக்கு மறுப்பும் மறுப்புக்கு மறுப்புமாகத் துண்டுநூல்கள் அடுத்த நூற்றாண்டிலும் வந்துகொண்டே இருந்தன. கதிரைவேற் பிள்ளை ஒரு பக்கம், மறைமலையடிகளும் செய்குத்தம்பிப் பாவலரும் எதிர்ப்பக்கம். ப. சரவணன் அந்தக் கண்டனங்களைத் திரட்டிப் பதிப்பித்ததில் பார்த்தால், எவ்வளவு பேர் எவ்வளவு கூர்மையாக அதைத் தொடர்ந்திருக்கிறார்கள் என்று தெரியும். அவ்வளவு தூரம் போகவேண்டாமென்றால் 2010-ஐப் பார்க்கலாம். கிரந்த எழுத்துக்கான யூனிகோடு இடத்தில் எ, ஒ, ழ, ற, ன ஆகிய ஐந்து தமிழ் எழுத்துகளையும் சேர்க்கும் முன்மொழிவு வந்தபோது நாளேடுகள் எழுதின, கூட்டங்கள் நடந்தன, முதல்வர் கருணாநிதி மத்திய அமைச்சருக்குக் கடிதம் எழுதினார். 2014-ல் கிரந்தம் யூனிகோடில் ஏறியபோது அந்த ஐந்து எழுத்துகள் அதில் இல்லை. குறியேற்றம் என்ற வறட்டு விஷயத்தை ஆட்டோ நிறுத்தத்தில் பேசவைத்தது செய்திதான். வழிகாட்டி நூல் அல்ல. தமிழ் வாசகருக்கு நுணுக்கம் பிடிக்காது என்பது எழுதுகிறவர் தன் சோம்பலை வாசகர் தலையில் கட்டும் வழி.

மூன்றாவது, புரிகிறவர்கள் ஆங்கிலத்திலேயே படித்துக்கொள்வார்கள், இப்போது இயந்திர மொழிபெயர்ப்பும் இருக்கிறது என்பது. வாக்கியங்கள் தமிழாவதில் யாருக்கும் சங்கடமில்லை. கோலிவாஸ் ஏன் கோபப்பட்டார் என்பது அந்த மாதத்து வாக்கியங்களில் இல்லை. அதற்கு முந்தைய ஆண்டுகளில் அவருடைய நிரல் எத்தனை முறை வாசலில் காத்திருந்தது என்பதில் இருக்கிறது. நாளுக்கு நூற்றுக்கணக்கில் வரும் மடல்களில் எந்த ஐந்தைப் படிக்கவேண்டும் என்று தெரிவதே செய்தியாளரின் தொழில். திறந்து கிடக்கிறது என்பதால் தெரிந்துவிடும் என்றால், சட்டமன்ற நடவடிக்கைக் குறிப்புகள் அச்சில் வருவதால் அரசியல் செய்தியாளர்கள் வேண்டாம் என்று சொல்லிவிடலாம்.

காசும் ஆளும் இல்லை என்ற மறுமொழியை மட்டும் நான் எளிதாகத் தள்ளமாட்டேன். கெர்னல்டிராப் ஒற்றை ஆளின் தோளில் நின்றது. அவருக்கு வேறு வேலைகள் கூடியதும் சோர்ந்தது, பிறகு இல்லாமலே போனது. அதன் முறையிலும் ஓட்டை உண்டு. இரு தரப்புச் சொற்களையும் அப்படியே வைக்கும்போது உரக்கப் பேசுகிறவருக்கே இடம் அதிகம் கிடைக்கும். பத்தாண்டுகள் சத்தமில்லாமல் பிழை திருத்தியவர் செய்தியாவதில்லை. டோர்வால்ட்ஸின் வசவுகள் ஒரு கேளிக்கையாகவே ஆகி, 2018 செப்டம்பரில் அவரே வருத்தம் தெரிவித்துச் சிலகாலம் ஒதுங்கவேண்டி வந்ததில் இப்படிப்பட்ட செய்தி மரபுக்கும் பங்கிருக்கலாம். ஆனால் 1998-ல் தொடங்கிய எல்.டபிள்யூ.என்., 2002 ஜூலையில் பணமில்லாமல் மூடப்போகிறோம் என்று அறிவித்த பிறகு, வாசகர்கள் அனுப்பிய பணத்தால் எழுந்து, அந்த ஆண்டே சந்தா முறைக்கு மாறி இன்றுவரை நடக்கிறது. சந்தா கட்டியவர் முதலில் படிப்பார். கொஞ்ச நாள் கழித்து அதே கட்டுரை எல்லோருக்கும் இலவசம். சிறுபத்திரிகையைச் சந்தாவில் நடத்திப் பழகிய மொழிக்கு இது புது வித்தை அல்ல. ஆளில்லை என்பதும் பாதி உண்மை. ஆயிரம் பக்கம் வழிகாட்டி எழுத ஆளிருந்த இடத்தில் ஐம்பது பக்கம் செய்தி எழுத ஆளில்லாமல் போனதற்குப் பெயர் பற்றாக்குறை அல்ல, தேர்வு.

அந்தத் தேர்வின் விலை 2024 அக்டோபரில் தெரிந்தது. மூத்த பராமரிப்பாளர் கிரெக் க்ரோவா-ஹார்ட்மன், லினக்ஸ் கெர்னலின் பராமரிப்பாளர் பட்டியலிலிருந்து ரஷ்யத் தொடர்புள்ள ஏறத்தாழ ஒரு டஜன் பேரை நீக்கினார். சட்ட இணக்கம் காரணம் என்று ஒற்றை வரி. எதிர்ப்புக் கிளம்பியபோது டோர்வால்ட்ஸ் தான் ஃபின்லாந்துக்காரர் என்பதை நினைவூட்டி, இது திரும்பப்பெறப்படாது என்றார். அமெரிக்கப் பொருளாதாரத் தடைப் பட்டியலில் உள்ள நிறுவனங்களோடு தொடர்புடையவர்கள் பொறுப்பில் இருக்கமுடியாது என்ற விளக்கம் பிறகு வந்தது. கெர்னலுக்குப் பின்னாலிருக்கும் லினக்ஸ் ஃபவுண்டேஷன் அமெரிக்க அமைப்பு; அந்நாட்டுச் சட்டம் அதைக் கட்டும். இந்தச் செய்தியை வைத்துக்கொண்டு நம் நூல்களின் முதல் அத்தியாயத்தைத் திரும்பப் படிக்கவேண்டும். யாருக்கும் சொந்தமில்லாதது, எந்த நாட்டுக்கும் கட்டுப்படாதது, யாராலும் பறிக்கமுடியாதது என்று வருமே, அந்த அத்தியாயம். உரிமம் பறிக்கப்படவில்லை என்பது உண்மை. நீக்கப்பட்டவர்களும் நிரலை எடுத்துக்கொள்ளலாம், மாற்றலாம், தனியாக வைத்து ஓட்டலாம். பறிபோனது முடிவெடுக்கும் மேசையில் இருந்த நாற்காலி. நிரல்மேல் உள்ள உரிமையும் மேசையில் உள்ள இடமும் வெவ்வேறு என்பதை ‘எளிய தமிழில்’ யாரும் சொல்லித்தரவில்லை. சொல்லித்தராமல், சுதேசி இயங்குதளம் என்ற சொல்லுக்குக் கைதட்டக் கற்றுக்கொடுத்திருக்கிறோம். பாதுகாப்பு அமைச்சகம் 2023-ல் அறிவித்த மாயா என்ற இயங்குதளம் உபுண்டுவின் மேல் நிற்கிறது. பாஸ் டெபியனின் மேல் நிற்கிறது. இரண்டும் அதே கெர்னலின் மேல் நிற்கின்றன. அந்த மேசையில் நமக்கு எத்தனை நாற்காலி, அதில் உட்கார்ந்திருப்பவர்களுக்குச் சம்பளம் தருவது எந்த நாட்டு நிறுவனம் என்பது தெரியாமல் சுதேசி என்ற சொல்லுக்கு என்ன பொருள்?

பெரிய திட்டம் ஒன்றும் வேண்டியதில்லை. சென்னையில் பாஸை உருவாக்கும் குழு அடுத்த பதிப்புக்கு எந்தக் கெர்னலை எடுக்கிறது, டெபியனிலிருந்து எதை மாற்றுகிறது, மாற்றியதில் எதைத் திரும்ப டெபியனுக்கு அனுப்புகிறது, அனுப்பியதில் எது ஏற்கப்பட்டது, எது என்ன காரணத்தால் திருப்பியடிக்கப்பட்டது, அந்தக் காரணம் சரிதானா. மூன்று மாதத்துக்கு ஒருமுறை இவ்வளவையும் பெயர் சொல்லி, இரு தரப்பையும் கேட்டு நாலு பக்கத்தில் எழுத ஒருவர் போதும். அவர் அதில் இறங்கினால் லினக்ஸ் நிறுவுவது எப்படி என்ற இன்னொரு வழிகாட்டி தமிழுக்குக் கிடைக்காமல் போகும். அந்த இழப்பைத் தமிழ் தாங்கிக்கொள்ளும்.